வலிக்காத புண்ணுக்குத்தான் அஞ்ச வேண்டும்

காட்பாடியில் உள்ள என் கிளினிக்கின் தரை வெள்ளை டைல்ஸ் போட்டது. சில ஆண்டுகளுக்கு முன் ஒரு மாலையில், நெல் மண்டி வைத்திருக்கும் ஐம்பத்திரண்டு வயதுக்காரர் ஒருவர் இரத்தக் கொதிப்பு மாத்திரை எழுதி வாங்கிக்கொள்ள வந்தார். வாசலில் செருப்பை விட்டுவிட்டு அவர் நடந்து வந்த வழியெல்லாம், இரண்டடிக்கு ஒன்றாகச் சிவப்புப் பொட்டு விழுந்திருந்தது. அதை முதலில் கவனித்தவர் பின்னால் வந்த அவருடைய மனைவி. காலைத் தூக்கிப் பார்த்தபோது, வலது கட்டை விரலுக்குக் கீழே இருக்கும் மேட்டில் மிளகு அளவுக்கு ஒரு துளை தெரிந்தது. வாசலில் கிடந்த செருப்பைத் திருப்பிப் பார்த்தோம். அடிப்பாகத்தைத் துளைத்துக்கொண்டு ஓர் அரை அங்குல ஆணி ஏறியிருந்தது. அதன் முனையில் இரத்தம் காய்ந்து கறுத்துப் போயிருந்ததால், அது அன்றைக்குக் குத்திய ஆணி அல்ல என்பது தெரிந்தது. “எப்போ குத்திச்சின்னே தெர்ல டாக்டரம்மா. வலி இருந்தா நானே வந்திருக்க மாட்டனா?” என்றார்.

அவர் கேட்டது நியாயமான கேள்வி. இருபது ஆண்டுகளாக இந்த ஊரில் பொது மருத்துவம் பார்க்கிறேன். வலி இருப்பவர்கள் சீக்கிரம் வந்துவிடுகிறார்கள். மரத்துப் போனவர்கள் எல்லாம் முற்றிய பிறகு வருகிறார்கள். புற நரம்புச் சேதத்தால் மனிதர்கள் விரலையும் பாதத்தையும் இழப்பது பெரும்பாலும் இந்தத் தாமதத்தால்தான். அதை நேரில் எத்தனை பேருக்குச் சொல்லியும் எனக்குப் போதவில்லை என்பதால் இங்கே எழுதுகிறேன். இதில் வரும் நோயாளிகளை யாரும் அடையாளம் காணாதபடி விவரங்களைச் சற்று மாற்றியிருக்கிறேன்.

முதலில் ஒரு சொல்லைத் தெளிவுபடுத்திக்கொள்ள வேண்டும். புறங்கையில் நீலமாகப் புடைத்துத் தெரிவதை நாம் நரம்பு என்கிறோம். குளுக்கோஸ் ஏற்றினால் ‘நரம்பில் ஊசி போட்டார்கள்’ என்கிறோம். கெண்டைக்காலில் சுருண்டு கிடப்பதை ‘நரம்புச் சுருட்டு’ என்கிறோம். இவை யாவும் இரத்தக் குழாய்கள். நான் இங்கே சொல்லும் நரம்பு, தொடு உணர்வையும் அசைவுக்கான கட்டளையையும் கொண்டுபோகும் இழைகளின் கற்றை. அது வெளியிலிருந்து பார்த்தால் தெரியாது. இதைவிடவும் தொல்லை தருவது ‘நரம்புத் தளர்ச்சி’ என்ற பெயர். கை நடுக்கம், தூக்கமின்மை, மனச்சோர்வு, ஆண்மைக் குறைவு ஆகிய எல்லாவற்றையும் அந்த ஒரே பெயருக்குள் அடைத்து, பேருந்து நிலையச் சுவர்களில் விளம்பரம் ஒட்டி, மாதத்தில் ஒருநாள் லாட்ஜில் அறை எடுத்து மருந்து விற்பவர்கள் இருக்கிறார்கள். அந்தச் சுவரொட்டிகளைப் பார்த்துப் பழகியதாலேயே, கால் மரத்துப் போயிருக்கிறது என்பதை வீட்டில்கூடச் சொல்லக் கூச்சப்பட்டு ஓராண்டு, ஈராண்டு கடத்தியவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

மூளையும் தண்டுவடமும் மைய நரம்பு மண்டலம். மூளையிலிருந்து 12 ஜோடியும் தண்டுவடத்திலிருந்து 31 ஜோடியுமாகக் கிளம்பி, தோல், தசை, குடல், இதயம் என்று உடலெங்கும் பரவுகிற நரம்புகளைப் பொதுவாகப் புற நரம்புகள் என்கிறோம். அவை மூன்று வேலைகளைச் செய்கின்றன. உணர்வு நரம்புகள் சூடு, குளிர், வலி, அதிர்வு, மூட்டு எந்த நிலையில் மடங்கியிருக்கிறது என்பன போன்ற செய்திகளை மேலே கொண்டுபோகின்றன. இயக்க நரம்புகள் தசைக்குக் கட்டளையைக் கொண்டுவருகின்றன. தன்னியக்க நரம்புகள் வியர்வை, இரத்த அழுத்தம், செரிமானம், சிறுநீர் ஆகியவற்றை நமக்குத் தெரியாமலேயே கவனித்துக்கொள்கின்றன. பல இழைகளைச் சுற்றி மயலின் என்ற கொழுப்பு உறை இருக்கிறது. சில நோய்கள் உறையை அரிக்கின்றன. சில நோய்கள் உள்ளே இருக்கும் இழையையே கெடுக்கின்றன. உறை மட்டும் கெட்டால் ஓரளவு விரைவாகச் சீராக வாய்ப்புண்டு. இழை அறுந்தாலோ கருகினாலோ, அது மீண்டும் வளரும் வேகம் நாளொன்றுக்கு ஏறக்குறைய 1 மில்லிமீட்டர்தான். அதுவும் வளர்வதற்கு வழி இருந்தால்.

நம் வட ஆற்காடு ஏரிப் பாசன நாடு என்பதால் அடுத்த விஷயம் எளிதில் விளங்கும். பாதத்துக்கு வரும் நரம்பு இழையின் உயிரணு, கீழ் முதுகெலும்புக்குப் பக்கத்தில் இருக்கிறது. அங்கிருந்து விரல் நுனிவரை அதன் வால் கிட்டத்தட்ட ஒரு மீட்டர் நீளத்துக்கு ஓடுகிறது. நுனிக்குத் தேவையான சத்தெல்லாம் அந்த உயிரணுவிலிருந்தே புறப்பட்டு வந்து சேர வேண்டும். ஏரியில் தண்ணீர் குறைந்தால் முதலில் காய்வது கடைமடைதானே? அதுபோலவே, சர்க்கரை நோயோ சத்துக் குறைவோ நஞ்சோ உடல் முழுவதையும் தாக்கும்போது, மிக நீளமான நரம்புகளின் நுனியே முதலில் கெடுகிறது. இரண்டு கால்களிலும் விரல் நுனியில் ஒரே மாதிரி தொடங்கி, காலுறை ஏறுவது போல மெல்ல மேலேறி, முழங்காலை நெருங்கும் சமயத்தில் கைவிரல் நுனிகளிலும் கையுறை போட்டது போல ஆரம்பிக்கும். இதைப் பல நரம்புச் சேதம் என்பார்கள். நான் பார்ப்பவற்றில் மிகுதியானது இந்த வகைதான்.

இதற்கு மாறாக ஒரே ஒரு நரம்பு மட்டும் ஓரிடத்தில் நசுங்கியோ அடிபட்டோ கெடுவது இன்னொரு வகை. அப்போது அறிகுறி ஒரு பக்கத்தில், அந்த நரம்பின் ஆளுகைக்குள் மட்டும் இருக்கும். மூன்றாவதாக, இங்கொன்றும் அங்கொன்றுமாக, வலது மணிக்கட்டு ஒரு வாரம், இடது பாதம் மறு மாதம் என்று தனித்தனி நரம்புகள் அடுத்தடுத்து விழுவது. இது அரிது; ஆனால் இரத்தக் குழாய் அழற்சி, தொழுநோய் போன்றவை பின்னால் இருக்கலாம் என்பதால் இதில் ஒரு நாளும் காலம் கடத்தக் கூடாது.

அறிகுறிகளை எங்கள் பக்கத்து மக்கள் சொல்கிற விதமே பாடப் புத்தகத்தைவிடத் தெளிவாக இருக்கிறது. “மதமதன்னு கீது”, “பஞ்சு மேல நடக்கிற மாதிரி இருக்குது”, “மிளகாய்த் தூளைத் தடவின மாதிரி எரியுது”, “எறும்பு ஊருது”, “கரண்ட் அடிக்குது”, “ராத்திரியில போர்வை பட்டாலே தாங்கல”. எரிச்சலும் கூச்சமும் பெரும்பாலும் சிறு இழைகள் கெடுவதால் வருபவை. அவை இரவில் கூடும். பெரிய இழைகள் கெட்டால் தடுமாற்றம் வரும். கண்ணை மூடிக்கொண்டு முகத்தில் சோப்பு போடும்போது உடல் சாய்வது, இருட்டில் வரப்பில் நடக்க முடியாமல் போவது, சட்டைப் பொத்தானைப் பார்த்துப் பார்த்துப் போட வேண்டியிருப்பது ஆகியவை அதன் அடையாளங்கள். நான் எல்லோரிடமும் தவறாமல் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு: நடந்துகொண்டிருக்கும்போது செருப்பு காலைவிட்டுக் கழன்று போனது தெரியாமல் போயிருக்கிறதா? ‘ஆமாம்’ என்று ஒருவர் சொன்னால், மேற்கொண்டு எந்தக் கருவியும் இல்லாமலேயே அவருடைய பாதத்தில் உணர்வு குறைந்திருக்கிறது என்று அறிந்துகொள்கிறேன்.

தன்னியக்க நரம்புகள் கெட்டதை யாரும் நரம்போடு சேர்த்து நினைப்பதில்லை. படுக்கையிலிருந்து எழுந்தவுடன் கண் இருட்டுவது, சாப்பிடும்போது முகமெல்லாம் வியர்ப்பது, சில வாய் உண்டதுமே வயிறு நிரம்பிப் போவது, இரவில் வயிற்றுப்போக்கு, சிறுநீர் முழுதும் வெளியேறாதது, ஆண்களுக்கு விறைப்பு குறைவது ஆகியவை அதில் அடங்கும். பாதத்தின் தோல் வியர்வையின்றி வறண்டு, குதிகாலில் பிளவு பிளவாக வெடிப்பதும் இதனால்தான். நீண்ட நாள் சர்க்கரை நோயாளிக்கு மாரடைப்பே நெஞ்சு வலியின்றி வரலாம்; வெறும் மூச்சுத் திணறலும் வியர்வையும் மட்டும் இருந்தாலும் இதயப் படம் எடுத்துப் பார்த்துவிட வேண்டும்.

இனி ஒரு முக்கியமான தவறான நம்பிக்கை. ஈராண்டு காலம் பாதம் எரிந்துகொண்டிருந்த ஒருவர், ‘இப்போது எரிச்சல் இல்லை, குணமாகிவிட்டது’ என்று மகிழ்ச்சியாக வருவார். சர்க்கரை கட்டுக்குள் வந்து, தொடு உணர்வும் இருந்தால் அது உண்மையாகவே நல்ல செய்தி. ஆனால் சர்க்கரை 300இல் நின்றுகொண்டிருக்க, எரிச்சல் மட்டும் மறைந்திருந்தால், எரிந்துகொண்டிருந்த இழைகள் முற்றிலும் பட்டுப்போய்விட்டன என்றே பொருள். அந்தப் பாதம் இனித் தனக்கு நேர்வதைச் சொல்லாது.

உணர்வில்லாமை எவ்வளவு பெரிய ஆபத்து என்பதை உலகத்துக்கு எடுத்துச் சொன்னவற்றில் நம் ஊருக்கு ஒரு தனி இடம் உண்டு. 1914இல் கொல்லிமலையில் பிறந்து, இங்கிலாந்தில் மருத்துவம் படித்து, 1946இல் வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரிக்கு வந்தவர் டாக்டர் பால் பிராண்ட். தொழுநோய் வந்தால் விரல்கள் தாமாகவே அழுகி உதிரும் என்று அன்று எல்லோரும் நம்பினார்கள். அவரும் அவருடைய குழுவினரும் ஒவ்வொரு புண்ணுக்கும் காரணம் தேடிப் போனார்கள். சூடான பாத்திரத்தைப் பிடித்த கை, கல் குத்தியும் நடந்த கால், திருகக் கூடாத அளவுக்குப் பலம் கொடுத்துத் திருகிய விரல் என்று ஒவ்வொன்றுக்கும் பின்னால் உணரப்படாத ஒரு காயம் இருந்தது. இரவில் விரல் காணாமல் போன சிலருக்கு எலி கடித்திருந்தது. கடித்தபோதும் அவர்கள் தூக்கம் கலையவில்லை. அதற்காக நோயாளிகளுக்குப் பூனை கொடுத்து அனுப்பினார்கள். 1955இல் காட்பாடிக்கு அருகே கரிகிரியில் தொழுநோய் ஆராய்ச்சி நிலையம் ஏற்பட்டது. மடங்கிப்போன விரல்களை நிமிர்த்த முன்கையின் தசைநாணை இடம் மாற்றித் தைக்கும் அறுவை சிகிச்சைகளும், மரத்துப் போன பாதத்துக்கென்றே மென்மையான ரப்பரில் செய்த எம்.சி.ஆர். செருப்பும் இந்த மண்ணில் வளர்ந்தவை. இன்று அதே செருப்பை நான் சர்க்கரை நோயாளிகளுக்கு எழுதித் தருகிறேன். கிருமி வேறு, காரணம் வேறு. ஆனால் பாதம் கெடுகிற வழி ஒன்றேதான்.

தொழுநோய் ஒழிந்துவிட்டது என்று எண்ணிவிட வேண்டாம். பத்தாயிரம் பேருக்கு ஒருவருக்கும் கீழே நோயாளிகளின் எண்ணிக்கை குறைந்ததை வைத்து, 2005ஆம் ஆண்டின் இறுதியில் இந்தியா தொழுநோய் ஒழிப்பு இலக்கை எட்டியதாக அறிவிக்கப்பட்டது. ஆனால் புதிய நோயாளிகள் இன்னும் வந்துகொண்டுதான் இருக்கிறார்கள். தோலில் வெளிறிய அல்லது செம்பு நிறத் தேமல், அதில் வியர்வையோ அரிப்போ தொடு உணர்வோ இல்லாமை, முழங்கை மூட்டின் உட்பக்கம் கயிறு போல நரம்பு தடித்திருப்பது, சுண்டு விரலும் மோதிர விரலும் மடங்கத் தொடங்குவது ஆகியவற்றில் எது இருந்தாலும் அரசு ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போங்கள். கூட்டு மருந்து சிகிச்சை 6 முதல் 12 மாதங்கள் இலவசமாகக் கிடைக்கும். அரிக்காத, எரியாத தேமலைத்தான் மக்கள் பொருட்படுத்துவதில்லை; இதிலும் அதே கதைதான்.

இன்றைக்கு முதல் காரணம் சர்க்கரை நோய் என்பதில் ஐயமில்லை. நீண்ட நாள் சர்க்கரை உள்ளவர்களில் காலப்போக்கில் ஏறக்குறையப் பாதிப் பேருக்கு ஏதோ ஓர் அளவில் நரம்புச் சேதம் ஏற்படுகிறது. உயர்ந்த சர்க்கரை, இழைகளையும் அவற்றுக்கு இரத்தம் தரும் நுண்குழாய்களையும் சேர்த்தே கெடுக்கிறது. புகையிலை அதை விரைவுபடுத்துகிறது. சிலருக்குச் சர்க்கரை நோய் இருப்பதே கால் எரிச்சலை வைத்துத்தான் முதலில் தெரியவருகிறது.

அடுத்தது வைட்டமின் பி12 குறைவு. பால், முட்டை, மீன், இறைச்சி ஆகியவற்றில் மட்டுமே இயற்கையாகப் போதிய அளவு கிடைக்கும் சத்து அது. முழுச் சைவ உணவு, வயதானவர்களின் இரைப்பை மெலிவு, பல ஆண்டுகள் தொடர்ந்து எடுக்கும் அசிடிட்டி மாத்திரை, சர்க்கரைக்கான மெட்ஃபார்மின் ஆகியவை எல்லாம் அதைக் குறைக்கும். மெட்ஃபார்மினை நிறுத்திவிடாதீர்கள், ஆண்டுக்கொரு முறை பி12 அளவைப் பாருங்கள். இரத்தசோகை இல்லை என்பதால் பி12 குறைவு இல்லை என்று ஆகிவிடாது. ஃபோலிக் அமிலத்தை மட்டும் எடுத்துக்கொண்டால் இரத்தசோகை சரியானது போலத் தோன்றி, நரம்புச் சேதம் உள்ளே தொடரும். இன்னொன்றையும் கவலையோடு சொல்கிறேன். மருந்துக் கடையில் ‘நரம்புக்குச் சத்து மாத்திரை’ என்று கேட்டு வாங்கி ஆண்டுக்கணக்கில் விழுங்குகிறவர்கள் நம்மிடையே ஏராளம். அவற்றில் பலவற்றில் பி6 இருக்கிறது. பி6 குறைந்தாலும் நரம்பு கெடும். பெரிய அளவில் நெடுநாள் எடுத்தாலும் நரம்பு கெடும். குறைவு இருப்பது தெரிந்தபின், அளவு தெரிந்து எடுப்பதே மருந்து.

மற்றக் காரணங்களைச் சுருக்கமாகச் சொல்கிறேன். நீண்ட நாள் குடி, சிறுநீரகச் செயலிழப்பு, தைராய்டு குறைவு, எச்.ஐ.வி., புற்றுநோய்க்குக் கொடுக்கும் வின்கிறிஸ்டின், சிஸ்பிளாட்டின், பாக்ளிடாக்சல் போன்ற மருந்துகள், காசநோய்க்கான ஐசோனியாசிட் ஆகியவை அதில் உண்டு. ஐசோனியாசிடோடு பி6 மாத்திரையைச் சேர்த்துக் கொடுப்பது இதைத் தடுக்கத்தான். அதைத் தேவையற்றதென்று ஒதுக்கிவிடாதீர்கள். ஈயமும் ஆர்சனிக்கும் கலந்த, சரியாகச் சுத்தி செய்யப்படாத பஸ்பங்களாலும் நரம்பு கெடும். பரம்பரையாக வருவதும் உண்டு: சிறு வயதிலேயே உள்ளங்கால் வில்லாக வளைந்து, கெண்டைக்கால் மெலிந்து, அடிக்கடி இடறி விழும் பிள்ளையை ‘கவனமில்லாமல் நடக்கிறான்’ என்று திட்டுவதற்கு முன் ஒருமுறை காட்டிவிடுங்கள்.

இந்த மாவட்டங்களின் தொழில்களோடு சேர்ந்து வரும் சேதங்களைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். ஆம்பூர், வாணியம்பாடி, இராணிப்பேட்டைப் பகுதிகளில் காலணித் தொழில்தான் பல்லாயிரம் குடும்பங்களுக்குச் சோறு போடுகிறது. அடிப்பாகம் ஒட்டும் ‘சொல்யூஷன்’ வகைகள் சிலவற்றில் ஹெக்ஸேன் என்ற கரைப்பான் கலந்திருக்கும். காற்றோட்டமில்லாத அறையில் மாதக்கணக்கில் அதன் ஆவியைச் சுவாசித்தால், முதலில் விரல் நுனி மரத்து, பிறகு பாதமும் கையும் பலம் இழக்கும். அந்த வேலையை விட்ட பிறகும் சில வாரங்கள், சில மாதங்கள்வரை பலவீனம் கூடிக்கொண்டே போய், அதன் பின்னரே மெல்லத் திரும்பும் என்பது இந்த நஞ்சின் இயல்பு. வீட்டிலேயே கதவைச் சாத்திக்கொண்டு மேல்தோல் ஒட்டும் வேலை செய்யும் பெண்கள் ஆலைத் தொழிலாளர்களைவிடக் கூடுதல் ஆபத்தில் இருக்கிறார்கள் என்பது என் எண்ணம். ஜன்னலைத் திறப்பதும், மின்விசிறியைக் காற்று வெளியே போகும்படி வைப்பதும், டின்னை மூடியே வைப்பதும் அவர்களுக்கு நான் சொல்லும் முதல் மருந்து.

குடியாத்தம் பக்கத்திலிருந்து பீடி சுற்றும் அம்மா ஒருவர் வந்தார். மடியில் முறத்தை வைத்து, இலையைக் கத்தரித்து, தூளை வைத்துச் சுருட்டி, நூலைக் கட்டி, நாளெல்லாம் மணிக்கட்டை மடக்கியபடியே வேலை செய்பவர். இரவு இரண்டு மணிக்குக் கை மரத்து விழித்துக்கொள்வதாகவும், கையை உதறினால்தான் தூக்கம் வருவதாகவும் சொன்னார். “எந்த விரல்மா?” என்று கேட்டேன். கட்டை விரல், ஆட்காட்டி விரல், நடுவிரல் மூன்றையும் தொட்டு, மோதிர விரலுக்கு வந்ததும் நிறுத்தி, அதன் ஒரு பக்கத்தை மட்டும் தடவிக் காட்டினார். மணிக்கட்டின் குகைக்குள் நடு நரம்பு நசுங்கினால் வரும் எல்லைக் கோட்டை அவ்வளவு துல்லியமாக யாராலும் வரைந்து காட்ட முடியாது. அவரைப் போன்றவர்கள் பலர் ‘கழுத்து எலும்புத் தேய்மானம்’ என்று கழுத்துப் பட்டையோடு ஆண்டுகளைக் கழிக்கிறார்கள். இரவில் மணிக்கட்டை நேராக வைக்கும் பட்டை, தேவைப்பட்டால் ஓர் ஊசி, அதற்கும் கேட்காவிட்டால் ஒரு சிறு அறுவை சிகிச்சை ஆகியவற்றால் இது குணமாகும். கட்டை விரலின் அடியில் இருக்கும் சதை மேடு வற்றுவதற்குள் வந்துவிட வேண்டும். வற்றிய சதை முழுமையாகத் திரும்பாது. தைராய்டு குறைவு, சர்க்கரை, கர்ப்பம் ஆகியவற்றிலும் இது வரும்.

நிலக்கடலை பிடுங்கும் காலத்திலும் களை எடுக்கும் காலத்திலும், மணிக்கணக்கில் குந்தியே இருந்து எழுந்தவருக்குப் பாதத்தின் முன்பகுதி தொங்கிப்போவதைப் பார்க்கிறேன். முழங்காலுக்குச் சற்றுக் கீழே வெளிப்பக்கத்தில் எலும்பை ஒட்டி, தோலுக்கு அடியிலேயே ஒரு நரம்பு வளைந்து போகிறது. அது நசுங்கியதன் விளைவு அது. இறுக்கமான மாவுக்கட்டு, கால் மேல் கால் போட்டே உட்காரும் பழக்கம், திடீரென்று உடல் மெலிவது ஆகியவையும் அதே இடத்தைத் தாக்கும். பெரும்பாலும் வாரங்களில், மாதங்களில் திரும்பிவிடும். அதுவரை பாதத்தைத் தாங்கும் பட்டை போட வேண்டும். குடித்துவிட்டு நாற்காலியின் கைப்பிடியில் மேற்கையை மடித்துத் தொங்கவிட்டபடி தூங்கியவருக்கு, காலையில் மணிக்கட்டு தூக்க முடியாமல் தொங்குவதும் இதே வகைதான்.

ஊசி தவறான இடத்தில் போடப்பட்டதால் வரும் சேதம் என்னை மிகவும் வருத்துவது. ஏழு வயதுப் பையன் ஒருவன். காய்ச்சலுக்குப் புட்டத்தில் ஊசி போட்ட அதே நொடியில் கால்வரை மின்சாரம் பாய்ந்தது போல அலறியிருக்கிறான். மறுநாள் முதல் பாதம் தொங்கிவிட்டது. புட்டத்தின் மேல்–வெளிக் கால்பகுதியைத் தவிர மற்ற இடங்களில் ஊசி இறங்கினால் ஆபத்து; உடலின் மிகப் பெரிய நரம்பு அங்கேதான் போகிறது. மாத்திரையோ சிரப்போ போதுமான காய்ச்சலுக்கு ‘ஊசி போட்டால்தான் சரியாகும்’ என்று பெற்றோரே வற்புறுத்துவதை நிறுத்தினால் இதில் பெரும்பகுதி தவிர்க்கப்படும்.

ஒரு நாளும் காத்திருக்கக் கூடாத நிலை ஒன்றுண்டு. கல்லூரி மாணவர் ஒருவருக்கு வயிற்றுப்போக்கு வந்து சரியாகிப் பத்து நாள் ஆகியிருந்தது. திங்கட்கிழமை பைக்கின் கிக்கரை உதைக்கக் காலில் பலமில்லை. செவ்வாய் மாலை மாடிப்படி ஏறவில்லை. புதன் இரவு சோற்றைப் பிசைந்து வாய்க்குக் கொண்டுபோக முடியவில்லை. வாதம் என்று எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தார்கள். நோய் எதிர்ப்பு ஆற்றல் தவறுதலாகத் தன் நரம்புகளையே தாக்கும் கில்லன் பாரே நோய் அது. கீழிருந்து மேலேறி, மூச்சுத் தசைகளை நிறுத்திவிடக் கூடியது. இம்யூனோகுளோபுலின் ஊசியோ பிளாஸ்மா மாற்றமோ தொடக்க நாட்களிலேயே கொடுக்கப்பட வேண்டும். அவர் வென்டிலேட்டரில் இருந்து, பிழைத்து, பல மாதங்களுக்குப் பின் நடந்தார். நாளுக்கு நாள் மேலேறும் பலவீனம், விழுங்குவதில் சிரமம், ஒரே மூச்சில் இருபதுவரை எண்ண முடியாமை ஆகியவற்றில் எது இருந்தாலும், தீவிர சிகிச்சைப் பிரிவு உள்ள பெரிய மருத்துவமனைக்கு அன்றே போக வேண்டும். பூச்சி மருந்து குடித்துப் பிழைத்தவருக்கு இரண்டு, மூன்று வாரங்கள் கழித்துக் கால் பலம் குறைந்தால், அதையும் உடனே காட்ட வேண்டும்.

அக்கியைப் பற்றியும் சொல்லாமல் விட முடியாது. முதுகிலோ நெஞ்சிலோ ஒரு பக்கமாகப் பட்டை போலக் கொப்புளம் வந்தால், குயவர் வீட்டுக்குப் போய் அக்கி எழுதிக்கொள்வது நம் வழக்கம். நம்பிக்கையோடு எழுதிக்கொள்பவர்களிடம் நான் சண்டை போடுவதில்லை. ஆனால் சின்னம்மை வைரஸ் நரம்பின் வேரில் பல ஆண்டுகள் ஒளிந்திருந்து மீண்டும் கிளம்புவதுதான் அக்கி என்பதையும், கொப்புளம் தோன்றி 72 மணி நேரத்துக்குள் வைரஸ் எதிர்ப்பு மாத்திரையைத் தொடங்குவதே நல்லது என்பதையும் சொல்லி, முதலில் இங்கே வாருங்கள் என்கிறேன். வயதானவர்களுக்குக் கொப்புளம் ஆறிய பின்னும் மாதக்கணக்கில் துணி உரசினாலே துடிக்கும் வலி நிற்கக்கூடும்.

பரிசோதனை என்றதும் ஸ்கேன் என்று நினைக்கிறார்கள். பஞ்சு, சுத்தியல், 128 அதிர்வு இசைக்கவை, 10 கிராம் அழுத்தத்தில் வளையும் ஒரு நைலான் இழை ஆகியவை போதும். ஐந்து நிமிடம் ஆகும். அந்த இழை பாதத்தில் வளையும் அளவுக்கு அழுத்தியும் நோயாளிக்குத் தெரியவில்லை என்றால், புண் வருவதற்கு அந்தப் பாதம் தயாராக இருக்கிறது என்று எடுத்துக்கொள்கிறேன். பிறகு சர்க்கரை, அதன் மூன்று மாதச் சராசரி, பி12, தைராய்டு, சிறுநீரகம் ஆகியவற்றுக்கான இரத்தப் பரிசோதனைகள். தேவைப்பட்டால் நரம்பு மின் கடத்தல் பரிசோதனை. லேசான ஷாக் இருக்கும், ஆபத்தில்லை. அது பெரிய இழைகளை மட்டுமே அளக்கும் என்பதால், அறிக்கை ‘நார்மல்’ என்று வந்த பின்னும் ஒருவருக்கு உண்மையாகவே பாதம் எரியலாம். அவரைக் கற்பனை நோயாளி என்று அனுப்பிவிடுவது எங்கள் தரப்புத் தவறு.

சிகிச்சையில் இரண்டைப் பிரித்துப் பார்க்க வேண்டும். பிரிகாபலின், கபாபென்டின், டுலாக்ஸெட்டின், அமிட்ரிப்டிலின் போன்றவை எரிச்சலைக் குறைக்கும், தூங்க விடும், நரம்பைப் புதுப்பிக்கா. நரம்புக்கு நன்மை செய்வது, கெடுத்த காரணத்தை நீக்குவதுதான். பி12 குறைவு, தைராய்டு, நசுங்கல், நஞ்சு, தொழுநோயின் தொடக்க நிலை ஆகியவற்றில் அது பலன் தரும். சர்க்கரையில் இழந்தது முழுதும் திரும்புவது அரிது. மேலும் இழக்காமல் காப்பதே இலக்கு.

ஆகவே மரத்துப் போன பாதத்தின் வேலையைக் கண் செய்ய வேண்டும். இரவு படுக்கும் முன் வெளிச்சத்தில் இரண்டு உள்ளங்கால்களையும் விரலிடுக்குகளையும் பாருங்கள். குனிய முடியாதவர்கள் கண்ணாடியைத் தரையில் வைத்துப் பாருங்கள். கண் தெரியாதவர்களுக்குப் பேரப்பிள்ளைகள் பார்க்கட்டும். வெந்நீரின் சூட்டைக் காலால் பார்க்காமல் முழங்கையால் பாருங்கள். ஆணிக்கால்களை பிளேடால் சீவ வேண்டாம். வெடிப்புக்குத் தேங்காய் எண்ணெய் தடவுங்கள், விரலிடுக்கில் மட்டும் வேண்டாம். பாதம் வீங்கும் பெண்கள் மெட்டியைத் தளர்த்திக்கொள்ளுங்கள். மெட்டிக்கு அடியில் வளையமாகப் புண் இருந்ததைப் பல முறை கழற்றிய பிறகே கண்டிருக்கிறேன். ஒரு பாதம் மட்டும் வலியின்றிச் சிவந்து, சூடாக, வீங்கினால் நடப்பதை அந்த நிமிடமே நிறுத்திவிட்டுக் காட்டுங்கள். உள்ளே எலும்புகள் நொறுங்கிக்கொண்டிருக்கலாம்.

வேண்டுதலைப் பற்றிக் கேட்பவர்களுக்கும் ஒரு சொல். சித்திரை வெயிலில் கோயில் பிராகாரக் கல், தீமிதித் திருவிழாவின் தணல், திருவண்ணாமலையில் 14 கிலோமீட்டர் கிரிவலத் தார்ச்சாலை ஆகிய மூன்றிலும் உணர்வுள்ள கால் தானாக வேகம் எடுக்கும். உணர்வற்ற கால் நின்று நிதானமாக வேகும். ஆடி மாதத்தில் அத்தகைய கொப்புளங்களோடு யாராவது வராத ஆண்டு எனக்கு இல்லை. கிரிவலத்தை வெயில் தாழ்ந்த பின், தடித்த பருத்திக் காலுறையோடு வையுங்கள். தீமிதியை, நைலான் இழையின் தொடுகை தெரியாத பாதம் உள்ளவர்கள் தயவுசெய்து விட்டுவிடுங்கள். வேண்டுதலை வேறு வகையில் செலுத்த ஊர்ப் பெரியவர்களே வழி சொல்வார்கள்.

மண்டிக்காரரின் புண், அழுத்தம் படாதபடி கட்டுப் போட்டு, சர்க்கரையைக் கட்டுக்குள் கொண்டுவந்து, ஒன்பது வாரத்தில் மூடியது. இப்போது என் கிளினிக் வாசலில் ‘செருப்போடு உள்ளே வரவும்’ என்று எழுதி வைத்திருக்கிறேன். அவர் வரும்போது செருப்பைக் கழற்றி, உள்ளே கைவிட்டுத் தடவிப் பார்த்து, அடிப்பாகத்தை விளக்கின் பக்கம் திருப்பி என்னிடம் காட்டிவிட்டுத்தான் நாற்காலியில் உட்காருகிறார்.